ஜோர்ஜ் எல்சர் என்ற ஓடாவி

ஆசிரியர் அவர்களுக்கு,

ஹிட்லருக்கு எதிராக ஜேர்மனிக்குள்ளேயே எழுந்த எதிர்ப்பைப் பற்றித் தங்கள் ஞாயிறு இதழில் வெளியான கட்டுரையை ஆர்வத்தோடு வாசித்தேன். 1944 ஜூலை 20 ஆம் திகதி ஹிட்லரைக் கொல்லக் குண்டு வைத்த இராணுவ அதிகாரிகளுக்கு அரைப் பக்கம் ஒதுக்கிய கட்டுரையாளர், அதற்கு ஏறத்தாழ ஐந்து ஆண்டுகளுக்கு முன்னரே தன்னந்தனியாக அதே காரியத்தில் இறங்கிய ஜோர்ஜ் எல்சரை, பெயரைக்கூடச் சொல்லாமல் "ஒரு தச்சர்" என்று கடந்து போனது எனக்கு மிகுந்த வருத்தத்தைத் தந்தது. களுவாஞ்சிக்குடியில் நாற்பது வருடமாக ஓடாவி வேலை செய்து வருபவன் என்ற உரிமையில் இதை எழுதுகிறேன்.

1903 இல் பிறந்த எல்சர் மரவேலையாளர் சங்கத்தில் இருந்தவர். மணிக்கூட்டுத் தொழிற்சாலையிலும் வேலை பார்த்தவர். 1929 இல் மணித்தியாலத்துக்கு ஒரு மார்க்காக இருந்த தச்சரின் கூலி ஹிட்லரின் நாசி ஆட்சியில் 68 பெனிக்காக (நூறு பெனிக் ஒரு மார்க்) இறங்கிவிட்டதை, பிடிபட்ட பின் நடந்த விசாரணையில் அவர் எடுத்துச் சொன்னார். நாசித் தலைவர்களை அகற்றினால் போர் பெருகாமல் தடுக்கலாம் என்றும் நம்பினார்.

ஆண்டுதோறும் நவம்பர் 8 ஆம் திகதி ஹிட்லர் உரையாற்றும் மியூனிக் மண்டபத்தில், 1939 இல், முப்பதுக்கு மேற்பட்ட இரவுகள் ஒளிந்திருந்து குண்டு வைப்பதற்காக மேடைக்குப் பின்னாலிருந்த தூணைக் குடைந்தார். தூணைச் சுற்றி அடித்திருந்த பலகையில் ஒரு துண்டை அறுத்தெடுத்து, அறுத்த கோடு தெரியாதபடி பிணைச்சல் போட்டுக் கதவாக்கினார். பகலில் அந்தத் தூணைக் கடந்து போன எவர் கண்ணிலும் அது படவில்லை. எத்தனை ஓடாவிமாருக்கு அது கைவரும் என்று எனக்குத் தெரியும். பலகைக்குப் பின்னால் வெற்றிடம் இருந்தால் விரலால் தட்டினாலே காட்டிக்கொடுத்துவிடும் என்பதால் கதவின் உட்புறத்தில் தகரம் அடித்தார். நீலக் கைக்குட்டை சுற்றிய டோர்ச் வெளிச்சத்தில் முழங்காலில் நின்று வேலை செய்ததில் முழங்கால் புண்ணாகிச் சீழ் கட்டியது.

அன்று மூடுபனி காரணமாக விமானத்தைத் தவிர்த்து ரயிலில் போக வேண்டியிருந்த ஹிட்லர், குண்டு வெடிப்பதற்கு 13 நிமிடங்கள் முன்னரே வெளியேறிவிட்டார். எட்டுப் பேர் இறந்தனர். அவர்களில் ஒருவர் அங்கே உணவு பரிமாறிய பெண். குண்டு என்ன செய்யும் என்று போரைக் கண்ட இந்த மட்டக்களப்பு மாவட்டத்தில் யாருக்கும் விளக்கத் தேவையில்லை. அந்தப் பெண்ணின் சாவை மறைத்து எல்சரைப் புகழ நான் வரவில்லை. அதையும் சேர்த்தே அவரது கதை எழுதப்பட வேண்டும்.

குண்டு வெடிக்கும் முன்னரே சுவிற்சர்லாந்து எல்லையில் பிடிபட்ட அவரை ஐந்து வருடத்துக்கு மேல் தனிச்சிறையில் வைத்திருந்து, 1945 ஏப்ரல் 9 ஆம் திகதி டக்காவ் வதைமுகாமில் சுட்டுக் கொன்றார்கள். இருபது நாளில் அமெரிக்கப் படை அந்த முகாமை அடைந்தது. பிரித்தானிய உளவாளி என்று நாசிகள் சொன்னார்கள். போருக்குப் பின்னரோ நாசிகளின் கையாள் என்ற வதந்தி வருடக்கணக்கில் நிலவியது. ஒரு தொழிலாளி தானே யோசித்து, தன் கையால் இதைச் செய்திருக்க முடியும் என்று இரு தரப்பாருமே நம்பவில்லை. 1960களில் விசாரணைப் பதிவுகள் கண்டெடுக்கப்பட்ட பின்னரே அந்தப் பழி நீங்கியது.

வரும் நவம்பர் 8 ஆம் திகதியை ஒட்டி அவரைப் பற்றி ஒரு தனிக் கட்டுரை வெளியிடுமாறு தங்களை அன்போடு கேட்டுக்கொள்கிறேன். படத்தின் கீழ் பெயரோடு தொழிலையும் போடுங்கள். என்னிடம் வேலை பழகும் பெடியன்களுக்கு அதை வாசித்துக் காட்டுவேன்.

இப்படிக்கு,
ஓர் ஓடாவி,
களுவாஞ்சிக்குடி.