சுற்று மூடாத வரைபடம்

அன்புள்ள ஆசிரியருக்கு,

வணக்கம். தங்கள் ஞாயிறு இணைப்பில், கனவு தேசத்தை அளந்து படம் போடும் வரைவாளர் ஒருவரின் கற்பனைக் கதை வந்திருந்தது. கதையில் குறை சொல்ல ஒன்றுமில்லை. அவர் போட்டதாக ஓரத்தில் அச்சிட்டிருந்த படம்தான் உறுத்துகிறது. விடுமுறையில் பிள்ளைகள் அதைப் பார்த்து வரையத் தொடங்கிவிடுவார்கள் என்பதால் எழுதுகிறோம்.

முதலில் தண்ணீர். படத்தில் ஓர் ஆறு மலையில் பிறந்து, நடுநாட்டில் இரண்டாகப் பிரிந்து, இரண்டு கடலுக்குப் போகிறது. ஆறு கீழே இறங்க இறங்கச் சேரும், பிரியாது. தாமிரபரணியில் சேர்வலாறு, மணிமுத்தாறு, கடனாநதி, பச்சையாறு எல்லாம் வந்து விழுந்து, கடைசியாகச் சீவலப்பேரிப் பக்கம் சிற்றாறும் கலக்கிறது. ஆறு தானாகப் பிரிவது பெரும்பாலும் கடலோர வண்டலில். மற்றபடி பிரித்தது மனிதன்தான்: மருதூர் அணையில் மேலக்கால், கீழக்கால்; ஸ்ரீவைகுண்டத்தில் வடகால், தென்கால். அந்தக் கால்வாய்களையும் ஆறு மாதிரி நெளித்துப் போடக்கூடாது. கால்வாய் மேட்டை ஒட்டியே, மெல்லிய சரிவில் போகும். அப்போதுதான் கீழ்ப்புறத்து வயலெல்லாம் பாயும்.

குளத்தைத் தோசை மாதிரி வட்டமாகப் போட்டிருக்கிறார். பள்ளத்துப் பக்கம் மட்டும்தான் கரை. அதை வில் மாதிரி ஒரே தடித்த கோடாக இழுக்க வேண்டும். மேட்டுப் பக்கம் தண்ணீர் ஏறி நிற்கும் விளிம்பு, கந்தல் துணியின் ஓரம் போல இருக்கும். வயலுக்குத் தண்ணீர் விடும் மடை கரையில் வரும். மிஞ்சிய தண்ணீர் வழியும் மறுகால் கரையின் ஒரு கோடியில் வரும். அதிலிருந்து ஒரு கோடு அடுத்த குளத்துக்குப் போக வேண்டும். மறுகால் இல்லாத குளம் முதல் ஐப்பசி மழையிலேயே உடைந்துவிடும்.

கனவில் ஆறு மேட்டுக்கு ஏறினால் என்ன என்று கேட்கலாம். தாராளமாக ஏறட்டும். ஆனால் மற்ற ஆறுகளெல்லாம் ஒழுங்காக இறங்கினால்தான், ஏறுகிற ஒன்று கனவு என்று பார்ப்பவருக்குத் தெரியும். எல்லாமே தாறுமாறாக இருந்தால் வரைந்தவருக்குத் தெரியவில்லை என்றுதான் தோன்றும்.

அடுத்தது அம்புக்குறி. கனவில் சூரியன் எந்தப் பக்கம் என்று யாரும் பார்த்து வைப்பதில்லை. அந்தப் படத்தில் வடக்கு அம்பு எப்படி வந்தது? அதற்குப் பதில் மேட்டிலிருந்து பள்ளத்துக்கு ஓர் அம்பு போதும். நம் மேற்கில் ‘மேல்’ இருக்கிறது, கிழக்கில் ‘கீழ்’ இருக்கிறது. பொதிகை ஒரு பக்கமும் கடல் ஒரு பக்கமுமாக இருக்கும் திருநெல்வேலிச் சீமையில் இதைத் தனியாக விளக்க வேண்டியதில்லை.

கனவைக் குறித்துக்கொள்ளும் முறை கதையில் இல்லவே இல்லை. கண் விழித்ததும் எழுந்து உட்காரக்கூடாது, புரளவும் கூடாது. உடம்பு அசைந்தால் பாதி போய்விடும். கடைசியாகக் கண்ட இடத்திலிருந்து பின்னோக்கி வர வேண்டும், ஏனென்றால் மிச்சம் இருப்பது அதுதான். மல்லாந்தபடி எழுத பால்பாயின்ட் பேனா உதவாது. முனை மேலே பார்த்தால் மை இறங்காது. 2பி பென்சிலும் அட்டையில் கிளிப் போட்ட தாளும் தலைமாட்டில் இருக்க வேண்டும். கனவு காணும் தூக்கம் விடியலை நெருங்க நெருங்க நீளும் என்பதால், முன்னிரவுக் கனவை விரட்டிப் பிடிப்பதைவிட விடியற்காலைக் கனவில் சரக்கு அதிகம். (அது பலிக்குமா என்பது எங்கள் துறையில் வராது.)

இனி முக்கியமான பிழை. நிலம் அளக்கும்போது ஒரு கல்லில் புறப்பட்டு, சுற்றி, அதே கல்லில் வந்து முடிய வேண்டும். 100 லிங்க் கொண்ட பழைய 66 அடிச் சங்கிலியால் ஊரைச் சுற்றிவந்து, தாளில் போடும்போது கடைசிக் கோடு புறப்பட்ட புள்ளிக்குப் 10 லிங்க் தள்ளி விழுகிறது என்று வைத்துக்கொள்ளுங்கள். அந்தப் பத்தை ஒவ்வொரு கோட்டின் நீளத்துக்கும் தக்கபடி பங்கிட்டு மூடிவிடுவோம். பிழை ரொம்பப் பெரிதானால் திரும்ப அளக்க வேண்டியதுதான். கதை நாயகர் கனவுக்கும் இதையே செய்கிறார். அங்கேதான் கெட்டது.

அவர் கனவில் வீட்டிலிருந்து நேரே 300 தப்படி நடந்து கோயில். அங்கே செங்கோணமாக வலப்புறம் திரும்பி 400 தப்படியில் குளம். குளத்திலிருந்து வீட்டுக்குக் குறுக்கே வந்தால் கொத்தனாரின் 3-4-5 மூலைமட்டக் கணக்குப்படி 500 இருக்க வேண்டும். கனவிலோ 120 தப்படியில் வீட்டு வாசல் வந்துவிடுகிறது. 1 சென்டிமீட்டருக்கு 100 தப்படி என்று தாளில் போட்டால் 3, 4 என்று இரண்டு கோடு சரியாக விழும். திரும்பும் கோடு 1.2 சென்டிமீட்டரில் நின்றுவிடும். புறப்பட்ட வீட்டுக்கு இன்னும் 3.8 சென்டிமீட்டர் பாக்கி. இதைப் பங்கிட்டால் கோயிலும் குளமும் இடம் பெயரும், கனவில் இருந்த ஒரே விசேஷமும் அழிந்துபோகும். கோடு நின்ற இடத்தில் இரண்டாவது வீடு போட வேண்டும். வீடு 1, வீடு 2 என்று எண் கொடுத்து, நடுவே புள்ளிக்கோடு இழுத்து ‘380 தப்படி காணோம்’ என்று எழுத வேண்டும். மறுநாள் கனவில் அதே குளம் வேறு தூரத்தில் வந்தால் பழையதை அழிக்காமல், தேதி போட்டு வேறு மையில் சேர்க்க வேண்டும்.

ஊர்ப்பெயர்களைப் பற்றி நிறையச் சொல்லலாம். நட்சத்திரபுரி, மாயாபுரம் என்று எல்லாம் சினிமா செட்டுப் பெயர்கள். நாங்குநேரி, சீவலப்பேரி, அம்பாசமுத்திரம் என்று எடுத்துப் பாருங்கள். ஏரி, பேரி (பெரிய ஏரி), சமுத்திரம் மூன்றும் நீர்நிலை. கனவு ஊருக்கும் அங்கே என்ன இருந்ததோ அதிலிருந்து பெயர் வர வேண்டும்; ஊர் பெருத்தால் மேல, கீழ, புது என்று முன்னால் ஒட்டிக்கொள்ளும்.

கடைசியாக ஒன்று தங்கள் அச்சகத்துக்கு. படத்தின் அடியில் ‘1 செ.மீ. = 100 தப்படி’ என்று இருக்கிறது. 42 சென்டிமீட்டர் அகலத் தாளில் வரைந்ததை 14 சென்டிமீட்டருக்குச் சுருக்கினால் அந்த 1 செ.மீ. இப்போது 300 தப்படி. எழுத்தில் இருக்கும் அளவு சுருங்காது, பொய்யாகிவிடும். தூரம் குறித்த அளவுகோல் கோடாகப் போட்டால் படத்தோடு சேர்ந்து அதுவும் சுருங்கும். எழுத்தும் அப்படித்தான்: 3 மில்லிமீட்டரில் எழுதியது அச்சில் 1 மில்லிமீட்டராகி, கொம்பும் சுழியும் ஒட்டிக்கொண்டன. மூலப்படத்தில் 6 மில்லிமீட்டருக்குக் குறையாமல் எழுதி வாங்குங்கள்.

இப்படிக்கு,
நில அளவை வரைவாளர்கள் சிலர்,
பாளையங்கோட்டை.