எசாவைத் திருப்பி அனுப்பாதே

ஸ்காபரோ,
கார்த்திகை மாதம்

தம்பி,

பார்சல் வந்து சேர்ந்ததா? மிளகாய்த் தூள், ஒடியல் மா, எள்ளுப்பாகு, பயற்றம் பணியாரம், கம்பளிக் காலுறை எல்லாம் ஐப்பசி பிறந்த உடனேயே கட்டி அனுப்பினேன். பீல் ஆறு உறையத் தொடங்கினால் படகை நிறுத்திவிடுவார்கள், பனிக்கட்டி தடித்துப் பாதை திறக்கும் வரைக்கும் வாகனம் ஒன்றும் வடகோடியில் இருக்கிற உன் மக்பெர்சன் ஊருக்குள் வராது என்று நீதான் சொன்னாய். அதுதான் முந்திக்கொண்டேன். கிடைத்தது என்று ஒரு சொல் காணும். ரெலிபோன் எடுக்கப் பஞ்சியென்றால் இரண்டு வரி எழுதிப் போடு.

லைன் சரியில்லை என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டிருந்தேன். கொண்ணன்தான் தன் போனைக் காட்டினான். அனுப்பியதெல்லாம் நீ பார்த்திருக்கிறாயாம், நீலக் கோடு விழுந்திருக்குதாம். சரி. அந்த மட்டில் நல்லது.

இங்கே எல்லோரும் சுகம். சின்னவளின் அரங்கேற்றம் வைகாசியில். மண்டபம் பிடித்தாயிற்று. மிச்சம் பிறகு எழுதுகிறேன்.

துவக்கு ஒன்று வாங்கப் போகிறாயாம். பங்குனியில், அந்தப் பழைய பொலிஸ்காரர் போன தடத்தால் டோசன் பட்டணப் பக்கம் ஸ்கிடூ பனிவண்டியில் போகப் போகிறாயாம். அதுவும் தனியாக. யார் சொன்னது என்று கேளாதே.

வளர்ந்த ஆம்பிளையை மறிக்க நான் யார்? ஆனால் நான் சரித்திரம் படிப்பித்தவள். ஒரு இடத்தின் கதை தெரியாமல் உங்கள் இரண்டு பேரையும் நான் சுற்றுலாவுக்குக்கூட விட்டதில்லை. வாசிகசாலையில் இருக்கிற பெட்டை, 1910 இல் போன அந்தப் பயணத்தைப் பற்றி அகப்பட்டதெல்லாம் எடுத்துத் தந்தாள். இரவிரவாக அதோடுதான் இருக்கிறேன். நீயும் வாசித்திருப்பாய். வாசித்த பிறகும் அதே தடத்தால் போக ஆசை வருகிறது என்றால், எந்தப் பக்கத்தை வாசித்தாய் என்று அறிய எனக்கு விருப்பம்.

1904 இலிருந்து டோசன் பொலிஸ்காரர் பனிக்காலத்தில் கடிதங்களைக் கட்டிக்கொண்டு நாய்வண்டியில் மக்பெர்சன் வந்து போனார்கள். 765 கிலோமீற்றர். 1910 இல் அதை மறுவளமாக, மக்பெர்சனிலிருந்து தொடங்கச் சொன்னார்கள். தலைவர் பிற்ஸ்ஜெரால்ட் என்ற இன்ஸ்பெக்டர். அவர் வடக்குக்குப் புதியவர் இல்லை. 1903 இலேயே ஹேர்ஷல் தீவுக்குப் போய்ப் பொலிஸ் நிலையம் போட்டவர். உன்னைப் போல ஒன்றிரண்டு பனிக்காலம் பார்த்துவிட்டு எல்லாம் தெரியும் என்று நினைத்த ஆள் இல்லை. கின்னி, ரெய்லர் என்று இரண்டு கான்ஸ்டபிள்கள். வழி தெரியும் என்று சொல்லிக்கொண்டு முன்னாள் பொலிஸ்காரன் கார்ட்டர். டிசம்பர் 21 இல் 15 நாய்களும் மூன்று வண்டிகளுமாகப் புறப்பட்டார்கள்.

ஐந்தாம் ஜோர்ஜின் முடிசூட்டுக்கு லண்டன் போகிற அணியில் பிற்ஸ்ஜெரால்டுக்கும் இடம் கிடைத்திருந்தது. கெதியாய்ப் போக வேண்டும், முந்தி ஓடினவர்களை வெல்ல வேண்டும் என்ற எண்ணம். அதற்காகச் சாப்பாட்டுச் சுமையைக் குறைத்தார்.

வழியில் க்விச்சின் என்ற அந்தப் பக்கத்துப் பழங்குடிச் சனத்தைக் கண்டு, எசா ஜோர்ஜ் என்பவரைக் கூலிக்குப் பிடித்தார்கள். ஒரு குறுக்கு வழியால் எசா அவர்களைக் கடத்தி விட்டார். 1911 ஜனவரி முதலாம் திகதி கூலியைக் கையில் கொடுத்து அவரைத் திருப்பி அனுப்பிவிட்டார்கள். இந்த இடம் வந்ததும் புத்தகத்தை மூடிப்போட்டு எழும்பிப் போய்த் தேத்தண்ணி வைத்தேன். வழி தெரிந்த மனுசன் பக்கத்தில் நிற்கிறான், கூப்பிட்டால் வருவான், கூலியும் பெரிய காசில்லை. இனி எங்களுக்குத் தெரியும், நீ போ என்று சொல்ல அந்த நேரம் எப்படி வாய் வந்தது?

கார்ட்டர் அந்த வழியால் ஒரேயொரு தரம் வந்தவன். அதுவும் எதிர்ப்பக்கமிருந்து, நாலு வருஷத்துக்கு முதல். போறஸ்ற் ஓடை என்று ஒன்று. அதற்குள் திரும்பினால்தான் மலையைத் தாண்டலாம். அங்கேயானால் எந்தப் பக்கம் பார்த்தாலும் ஒரே மாதிரி ஓடை, எல்லாம் வெள்ளை. ஒரு கிழமையாகத் தேடினார்கள். ஜனவரி 17 ஆம் திகதி பிற்ஸ்ஜெரால்ட் நாட்குறிப்பில் எழுதுகிறார்: கார்ட்டருக்கு ஒரு ஆற்றுக்கும் மற்ற ஆற்றுக்கும் வித்தியாசம் தெரியவில்லை, மா பத்து இறாத்தல், பன்றியிறைச்சி எட்டு இறாத்தல், கொஞ்சக் கருவாடுதான் மிச்சம், கடைசி நம்பிக்கையும் போய்விட்டது என்று.

அந்த ஒரு கிழமைதான் என்னை நித்திரை கொள்ள விடுகுதில்லை. அதற்கு முதல் திரும்பியிருந்தால் நாலு பேரும் வீடு வந்திருப்பார்கள் என்றுதான் நான் நினைக்கிறேன். வழி தெரியாது என்பதை ஒருவருக்கொருவர் சொல்லாமலே ஒரு கிழமையைச் சாப்பிட்டுத் தீர்த்திருக்கிறார்கள். ஆம்பிளைகளுக்கு இது ஒரு வருத்தம். கொப்பருக்கும் இருந்தது. கொழும்பு வீட்டு விஷயத்தை யோசித்துப் பார்.

திரும்பி வருகிற வழியில் நாய்களைக் கொன்று மற்ற நாய்களுக்குப் போட்டிருக்கிறார்கள். முதலில் அந்த நாய்கள் அதைத் தின்ன மறுத்ததாம். பிறகு மனுசரும் அதைத்தான் தின்றார்கள். பெப்ரவரி 5 ஆம் திகதியோடு நாட்குறிப்பு நிற்கிறது. அன்றைக்குப் பனிக்கட்டி உடைந்து தண்ணீருக்குள் கால் போய், ஒரு பாதம் விறைத்துவிட்டது. ஐந்து நாய்தான் மிச்சம். எல்லோருக்கும் தோல் உரிகிறது.

கின்னியையும் ரெய்லரையும் ஒரு முகாமில் விட்டுவிட்டு மற்ற இரண்டு பேரும் உதவி தேடி நடந்தார்கள். மக்பெர்சனுக்கு 40 கிலோமீற்றர் இருக்க அவர்களும் விழுந்தார்கள். கார்ட்டர் முதலில் போனான். பிற்ஸ்ஜெரால்ட் அவனுடைய கையை நெஞ்சில் வைத்து, முகத்தைக் கைலேஞ்சியால் மூடிவிட்டிருக்கிறார். கின்னி பசியிலும் குளிரிலும் போனான். ரெய்லர் எப்படிப் போனான் என்று எழுத எனக்குக் கை வருகுதில்லை. உனக்குத் தெரியும். அவன் பக்கத்தில் துவக்கு இருந்தது.

பிற்ஸ்ஜெரால்டின் சட்டைப்பையில் ஒரு கடதாசி. கரித்துண்டால் எழுதினது. பையிலும் வங்கியிலும் இருக்கிற காசு, உடுப்பு எல்லாம் ஹலிபாக்ஸில் இருக்கிற என் அன்புத் தாய்க்கு என்று. அந்த மனுசிக்குக் காசும் உடுப்புமா வேணும்?

பெப்ரவரி 28 இல் டோசனிலிருந்து டெம்ப்ஸ்டர் என்ற பொலிஸ்காரர் தேடப் புறப்பட்டார். அவரோடு சார்லி ஸ்ருவேட் என்ற க்விச்சின் வழிகாட்டி. மார்ச் 21 உம் 22 உம் உடல்களைக் கண்டெடுத்தார்கள். அதற்குப் பிறகுதான் மேலிடத்துக்குப் புத்தி வந்து, வழியில் சாப்பாடு ஒளித்து வைக்கச் சொன்னார்கள், ஊர்ச் சனத்தில் ஒருவரை வழிகாட்டியாகக் கூட்டிப் போக வேண்டும் என்றார்கள். நீ ஓடித் திரிகிற நெடுஞ்சாலையை 1979 இல் திறந்து டெம்ப்ஸ்டர் பெயர் வைத்தார்கள். அந்தச் சாலையில் போகிறவர்களில் சார்லி ஸ்ருவேட்டை எத்தனை பேருக்குத் தெரியும்? கிளிநொச்சியில் பாடப்புத்தகத்தை வைத்துக்கொண்டு நான் வகுப்பில் கேட்ட கேள்வியும் இதுதான். வழி காட்டினவன் பெயர் எங்கே?

நாலு பேரும் உன் ஊர்ச் சவக்காலையில்தான் கிடக்கிறார்கள். அங்கே நின்று சிரித்துக்கொண்டு நீ படம் அனுப்பினாய். தாடியை மழி.

மற்றவன், ரற் ஆற்றில் கொட்டில் போட்டிருந்தவன், அவனைப் பற்றியும் வாசித்தேன். முதலாம் யுத்தத்துக்குப் பிறகு தோல் விலை ஏற, வெளியாட்கள் பொறிகளோடு அந்தப் பக்கம் வந்து குவிந்திருக்கிறார்கள். ஊர்ச் சனம் தலைமுறையாகப் பொறி வைத்த இடமெல்லாம் தகராறு. 1931 ஆடியில் மக்பெர்சனுக்கு வந்து இறங்கினவன் தன் பெயர் அல்பேட் ஜோன்சன் என்றான். தங்கள் பொறிகளைக் குழப்புகிறான் என்று ஊர்ச் சனம் பொலிசுக்குச் சொல்ல, நத்தாருக்கு அடுத்த நாள் இரண்டு பேர் விசாரிக்கப் புறப்பட்டுப் போனார்கள். சும்மா கேட்கத்தான் போனது. யன்னலால் எட்டிப் பார்த்துவிட்டுச் சாக்கால் மூடினானாம். ஒரு மணித்தியாலம் வெளியே நின்று கூப்பிட்டும் ஒரு சொல் இல்லை. டிசம்பர் 31 இல் திரும்ப வந்து தட்டினபோது கதவுக்குள்ளாலேயே சுட்டான். பிறகு 48 நாள் துரத்தல். ரிச்சர்ட்சன் மலையைப் பனிப்புயலுக்குள் தனியே தாண்டினான். மில்லன் என்ற பொலிஸ்காரனைக் கொன்றான். ஆகாய விமானம் தடம் பார்த்துச் சொல்ல, 1932 பெப்ரவரி 17 இல் ஈகிள் ஆற்றில் சுட்டு விழுத்தினார்கள். 2007 இல் எலும்பைத் தோண்டி மரபணுச் சோதனையும் செய்தார்கள்.

அவனைப் பெரிய வீரன் என்று எழுதுகிறவர்களும் இருக்கிறார்கள். எனக்கு அந்த முதல் ஒரு மணித்தியாலம்தான் பெரிசாகத் தெரிகிறது. ஓம், என்ன வேணும் என்று உள்ளேயிருந்து ஒரு குரல் கொடுத்திருந்தால் மில்லன் சாக வேண்டியதில்லை, அவனும் சாக வேண்டியதில்லை. ஆட்கள் வாசலில் வந்து நின்று கூப்பிட்டால் பதில் சொல்ல வேணும், தம்பி. பிடிக்காவிட்டாலும் சொல்ல வேணும்.

உன் பக்கத்து வீட்டுக் கிழவரிடம் கேட்டுப் பார், அவருடைய தாத்தாமார் தனியே வேட்டைக்குப் போனார்களா என்று. துவக்கு வருவதற்கு முதல், மரக்கட்டைகளால் கிலோமீற்றர் கணக்கில் வேலி அடைத்து, கரிபு மான்களை அதற்குள் கலைத்து, கண்ணிகளில் விழுத்தியிருக்கிறார்கள். எத்தனை குடும்பம் சேர்ந்தால் அது நடக்கும்? பிடித்ததைப் பங்கு போட்டார்கள். அந்த முள்ளம்பன்றி ஆற்று மான் மந்தை 2017 இல் எண்ணினபோது 2 லட்சத்துக்கு மேலே இருந்ததாம். இறைச்சிக்கு அங்கே பஞ்சமில்லை, துணைக்கு ஆளில்லாததுதான் பஞ்சம்.

ஒட்டுசுட்டான் பெரியப்பாவும் பன்றி வேட்டைக்காரர்தான். நாய்களும் நாலைந்து பேருமாகத்தான் காட்டுக்குள் இறங்குவார். எந்தக் குளத்துப் பக்கம் போகிறோம் என்று பெரியம்மாவுக்குச் சொல்லாமல் ஒருநாளும் படலை தாண்டினதில்லை. சித்தப்பா மட்டும்தான் சொல்லாமல் போனவர். அதை நான் விரித்து எழுதத் தேவையில்லை. நீ அந்த வீட்டில் இருந்தனி.

உன்னில் எனக்குப் பெருமை இல்லை என்று நினையாதே. கோயிலில் கேட்கிறவர்களுக்கெல்லாம், என் பிள்ளை வடதுருவ வட்டத்துக்கு மேலே படிப்பிக்கிறான், அங்கத்தைச் சனம் அவனைத் தங்கள் மீன் வாடிக்குக் கூட்டிக்கொண்டு போகுதுகள் என்று சொல்லித் திரிகிறேன். கிழவர் தன் நாய்களை உன்னிடம் விட்டுவிட்டு இனுவிக் போய் வருகிறார் என்றால் சும்மாவா? அவ்வளவு நம்பிக்கை பிடித்த நீ, பெற்ற தாய்க்கு ஒரு சத்தம் கொடுக்க மாட்டாய். இங்கே இருந்தபோதும் இப்படித்தான். கதவைப் பூட்டிக்கொண்டு இருந்தாய். அந்த மார்கழியில் நடந்ததற்கு நான் யாரையும் குறை சொல்லவில்லை, இனியும் சொல்ல மாட்டேன். அவளைப் பற்றி இந்தக் கடிதத்தில் ஒன்றும் எழுதுவதில்லை என்றுதான் பேனை எடுத்தேன்.

போவதென்றால் போ. ஆனால் கிழவரோடு போ. இல்லாவிட்டால் அவர் காட்டுகிற ஒருவரோடு போ. சாப்பாட்டை இரண்டு மடங்காகக் கட்டு. எந்த ஆற்றால் போகிறாய், எந்த நாள் திரும்புவாய் என்று ஊரில் ஒருவருக்கு எழுதிக் கொடு, எனக்கும் எழுது. வழி பிழைத்தால் அன்றைக்கே திரும்பு. செய்மதி ரெலிபோன் வாடகைக்கு எடு, காசு நான் தருகிறேன். தனியே மட்டும் போகாதே. துவக்கு வாங்கினாலும் உன் வீட்டில் வைக்காதே, கிழவர் வீட்டுப் பெட்டிக்குள் இருக்கட்டும். தேவையென்றால் போய்க் கேட்டு எடு. ஏன் என்று கேளாதே. சாப்பாட்டை இரண்டு மடங்காகக் கட்டு.

எழுதுவதில்லை என்றதை எழுதத்தான் வேண்டும் போல. துவக்கு அனுமதிப்பத்திரம் எடுக்கிற விண்ணப்பத்தில் பிரிந்த மனைவியின் கையெழுத்துக்கும் இடம் இருக்குதாமே. அந்தத் தாளை ஒரு வரிகூட எழுதாமல் உறையில் போட்டு அவளுக்கு அனுப்பியிருக்கிறாய். அவள் பயந்துபோய் எனக்கு எடுத்தாள். கையெழுத்துப் போடாவிட்டாலும் கந்தோரிலிருந்து தன்னிடம் கேட்பார்களாம், என்ன சொல்லட்டும் மாமி என்று அழுதுகொண்டு கேட்டாள். அவளுக்கு உன்னில் கோபம் இருக்கலாம். அன்றைக்கு அவள் குரலில் கோபம் இல்லை.

நான் இன்னும் அவளுக்குப் பதில் சொல்லவில்லை. தாளை மேசையில் வைத்திருக்கச் சொன்னேன். நீ எடுத்து என்னோடு கதை. உன் குரலைக் கேட்ட பிறகுதான் அவளுக்கு என்ன சொல்வதென்று நான் முடிவெடுப்பேன். ஞாயிற்றுக்கிழமை பின்னேரம் வீட்டில்தான் இருப்பேன். கொண்ணனும் வரமாட்டான்.

அம்மா