பேண்டுக்குத் தோள்கொடுத்தவர்களுக்கு நன்றி மடல்

அன்புடையீர்,

வணக்கம். எங்கள் பித்தளை ஊதுகருவிப் பேண்டின் தெரு ஊர்வலமும் அடுத்த வாரம் அரங்கில் நடந்த கச்சேரியும் நல்லபடியாக முடிந்தன. வாசித்த 60 பேரை எல்லோரும் பார்த்தார்கள். அவர்களை வாசிக்க வைத்த உங்களை யாரும் பார்க்கவில்லை. பெயர் போட வேண்டாம் என்று பலர் சொல்லிவிட்டதால் நீங்கள் செய்த வேலையை மட்டும் எழுதுகிறோம். யாரைச் சொல்கிறோம் என்று உங்களுக்கே தெரியும்.

முதல் வணக்கம் வாத்தியங்களைப் பழுதுபார்த்த அண்ணனுக்கு. வால்வு (சுரம் மாற்ற விரலால் அழுத்தும் பகுதி) ஒட்டுகிறது என்று உங்களிடம் வந்த கார்னெட்டுகளில் (டிரம்பெட் போன்ற சிறிய ஊதுகருவிகள்) பலவற்றில் வால்வு நன்றாகவே இருந்தது. பழைய எண்ணெயைத் துடைக்காமல் மேலே மேலே விட்டதில் அது அழுக்கோடு சேர்ந்து பிசினாகியிருந்தது. வெதுவெதுப்பான தண்ணீர், சில சொட்டு பாத்திர சோப்பு, குழாய்க்குள் வளைந்து போகும் நீள பிரஷ், நூல் விடாத துணி, பிறகு வால்வுக்கு மூன்று நான்கு சொட்டு எண்ணெய். அவ்வளவுதான் வைத்தியம். கொதிநீர் பட்டால் பித்தளையின் மேல் உள்ள லாக்கர் பூச்சு உரிந்துவிடும் என்பதையும் சொன்னீர்கள். திருப்பி மாட்டும்போது வால்வில் பொறித்திருக்கும் 1, 2, 3 வரிசை மாறினால் காற்று போகாது. வரிசை சரியாக இருந்தும் ஊத முடியவில்லை என்றால், வால்வை மெல்லத் திருக வேண்டும். அதன் காது பள்ளத்தில் உட்காரும்போது ‘டிக்’ என்று ஒரு சின்னச் சத்தம் வரும். புதிதாகச் சேர்ந்த பிள்ளைகள் அந்தச் சத்தம் வரும்வரை கையை எடுப்பதில்லை. இறுகிப்போன மவுத்பீஸில் (உதட்டை வைத்து ஊதும் முனை) இடுக்கி போடும் பழக்கமும் உங்களால்தான் நின்றது. அப்படித் திருகினால் மவுத்பீஸ் வருவதற்கு முன்பே குழாயின் பற்றவைப்பு விட்டுவிடும். அதற்கென்று உள்ள இழுப்பானை எங்கள் பெட்டியிலேயே போட்டுக் கொடுத்தீர்கள்.

இரண்டு யூஃபோனியம் (டியூபாவைவிடச் சிறிய, கனத்த குரல் ஊதுகருவி) கடன் தந்தவருக்கு நன்றி சொல்லும்போது ஒன்றைச் சேர்த்துச் சொல்ல வேண்டும். நீங்கள் தந்தவை 4 வால்வு உள்ள, 1874இல் டேவிட் பிளேக்லி உருவாக்கிய ஈடுசெய்யும் அமைப்பு கொண்டவை. சாதாரண வாத்தியத்தில் ஒவ்வொரு வால்வுக் குழாயின் நீளமும் அந்த வால்வைத் தனியாக அழுத்துவதற்கென்று அளந்தது. இரண்டு மூன்றைச் சேர்த்து அழுத்தினால் அந்த நீளம் போதாது, சுருதி ஏறிவிடும். ஈடுசெய்யும் அமைப்பில் 4ஆவது வால்வை அழுத்தியதும் காற்று மற்ற வால்வுகள் வழியே இன்னொரு சுற்று போய், போதாமல் இருந்த நீளத்தைப் பெற்றுக்கொள்கிறது. கச்சேரியின் மெதுவான பகுதியில் கீழ்ச்சுரங்கள் தள்ளாடாமல் நின்றதற்கு அதுவும் ஒரு காரணம்.

நோட்டேஷன் கட்டுகளைப் பார்த்துக்கொண்ட அக்காவுக்கு எவ்வளவு சொன்னாலும் தகும். அச்சிட்டு வரும் செட், வழக்கமான பேண்டின் 25 ஊதுகருவிக்காரர்களையும் தாளக்காரர்களையும் கணக்கில் வைத்தது. ஆள் கூடும்போது எல்லோரும் சோலோ கார்னெட்டில்தான் போய் உட்காரப் பார்ப்பார்கள். மேல்சுரம் மட்டும் கூச்சலாக நிற்கும், நடுவில் ஒன்றும் இருக்காது. நீங்கள் நடுச்சுரங்களை வாசிக்கும் டெனர் ஹார்னையும் பாரிடோனையும் முதலில் நிரப்பினீர்கள். பாஸ் டிராம்போனைத் (குழாயை நீட்டி மடக்கி ஊதும் வாத்தியம்) தவிர எல்லா ஊதுகருவிக்கும் டிரெபிள் கிளெஃப் என்ற ஒரே குறியீட்டு முறையில் எழுதியிருப்பதாலும், வால்வு வாத்தியங்களில் விரல்முறை ஒன்றே என்பதாலும், கார்னெட்காரர்கள் இரண்டு வாரத்தில் ஹார்னுக்கு மாறினார்கள். உதடு பழகத்தான் அந்த இரண்டு வாரம். கூடுதல் பிரதிகளுக்குப் பதிப்பாளரிடம் முறையாக அனுமதி வாங்கியதும் நீங்கள்தான்.

ஊர்வலத்தில் கூட நடந்த தொண்டர்களே, உங்கள் வேலைதான் இருப்பதிலேயே கடினம். 10 வரிசை, வரிசைக்கு 2 மீட்டர் இடைவெளி என்றால் முன்வரிசைக்கும் பின்வரிசைக்கும் நடுவே 18 மீட்டர். ஒலி அதைக் கடக்க ஒரு நொடியில் 20இல் ஒரு பங்கு ஆகும். முன்னால் கேட்பதை வைத்துப் பின்வரிசை வாசித்தால், அது முன்வரிசைக்குத் திரும்பி வரும்போது தாமதம் இரட்டிப்பாகிவிடும். நிமிடத்துக்கு 120 காலடி வைக்கும் நடையில் அது ஒரு காலடி நேரத்தின் ஐந்தில் ஒரு பங்கு. கேட்பவர் காதில் பேண்டு இரண்டாகப் பிளந்துவிடும். உயர்ந்த கட்டடங்களுக்கு நடுவே எதிரொலி வேறு. பேஸ் டிரம்மை நடுவரிசைக்குக் கொண்டுவந்ததில் தூரம் பாதியானது. மீதியை, பக்கவாட்டில் நடந்தபடி இடது காலைக் காட்டிக்கொண்டே வந்த உங்கள் கைகள் பார்த்துக்கொண்டன. திருப்பங்களில் உள்பக்கத்து ஆளைக் குறுகிய அடி வைக்கச்சொல்லி நிறுத்திவைத்ததால் வரிசை விசிறியாக விரியவில்லை. டிராம்போன்களை முதல் வரிசையில் விட்டதும் சரியான முடிவு. நீட்டும் ஸ்லைடு யார் முதுகிலும் படவில்லை.

அரங்கப் பொறுப்பாளர் ஏசியை இரண்டு மணி நேரம் முன்பே போட்டு, கச்சேரி முடியும்வரை அளவை மாற்றாமல் வைத்தார். வெப்பநிலை ஒரு டிகிரி மாறினால் ஊதுகருவியின் சுருதி அரைச்சுரத்தில் நூறில் மூன்று பங்கு வரை நகரக்கூடும். ஊதும் மூச்சு அதில் கொஞ்சத்தைச் சமன் செய்யும். ஆனால் நீண்ட இடைவெளிக்குப் பிறகு வாசிக்கும் டியூபாவுக்கு அந்தச் சலுகை கிடையாது. பாதியில் குளிர்ச்சியைக் கூட்டியிருந்தால் அவர்கள்தான் முதலில் தடுமாறியிருப்பார்கள்.

வண்டியில் ஏற்றி இறக்கிய தம்பிகள் டிம்பனியை (பெரிய கிண்ண வடிவ முரசு) வளையத்தில் பிடித்துத் தூக்கவில்லை, டியூபாவைச் சுவரில் சாய்க்கவில்லை. ஒரு ஒடுக்குகூட விழவில்லை. டிராம்போன்களுக்கு முன்னால் உட்கார்ந்தவர்களுக்குக் காதடைப்பான் வாங்கிக் கொடுத்தவருக்கும், ஒத்திகைக் கூடத்தின் அக்கம்பக்கத்தாருக்கும் எங்கள் அன்பு.

கடன் வாங்கிய யூஃபோனியங்களைக் கழுவி, உள்ளே தேங்கிய நீரை வடித்து, ஸ்லைடுகளுக்கு கிரீஸ் தடவி, கேஸைத் திறந்தே ஒரு நாள் உலரவிட்டிருக்கிறோம். மவுத்பீஸ்கள் தனிப் பையில் இருக்கின்றன. இரண்டாவது யூஃபோனியத்தின் நீர்த்திறப்பில் கார்க் தேய்ந்திருந்தது; புதிது ஒட்டியாயிற்று. அடுத்த ஒத்திகைக்கு வரும்போது எடுத்துக்கொள்ளுங்கள்.

நன்றியுடன்,
பேண்டு உறுப்பினர்கள் அனைவரும்