ஒளிரும் எழுத்துக்குப் புள்ளி எதிரி

ஆசிரியருக்கு வணக்கம்.

ஒளிரும் நுண்ணுயிர்களைக் கொண்டு கவிதை எழுதுவது பற்றித் தங்கள் ஞாயிறு இணைப்பில் வந்த கட்டுரையைப் படித்தோம். இந்தக் கலைக்கு ஒரு தமிழ் நாளிதழ் இடம் கொடுத்ததில் எங்களுக்கு உண்மையிலேயே மகிழ்ச்சி. ஆனால் அதில் சொல்லியிருப்பதுபோல் கடல்நீரை முகந்து வந்து எழுதினால் ஓர் எழுத்தும் ஒளிராது. பிப்ரவரி 28 தேசிய அறிவியல் நாளுக்குக் கல்லூரிகளில் இதைச் செய்து பார்க்க மாணவர்கள் ஆசைப்படுவார்கள். அவர்களுக்காகவே இந்தக் கடிதம்.

2019 ஆகஸ்டில் சென்னைக் கடற்கரையில் அலைகளை நீலமாக மின்னவைத்தது நாக்டிலூகா என்ற ஒருசெல் உயிரி. அலை உலுக்கினால்தான் அது மின்னும், கண்ணிமைக்கும் நேரத்தில் அணைந்தும் விடும். நின்று ஒளிர்வது பாக்டீரியா. பிரெஞ்சு அறிவியலாளர் ரஃபேல் துபுவா 1900-ஆம் ஆண்டு பாரிஸ் கண்காட்சியில் குடுவை குடுவையாக அடுக்கி ஓர் அறையையே வெளிச்சமாக்கிக் காட்டியது இவற்றைக் கொண்டுதான். எழுதுவதற்கு நாங்கள் சொல்வது அலீவிப்ரியோ ஃபிஷெரி என்ற கடல் பாக்டீரியா. சண்டிகர் எம்.டி.சி.சி. போன்ற நுண்ணுயிர்ச் சேகரிப்பு நிலையத்திடம் கேட்டு, கல்லூரி ஆய்வகத்தின் பெயரில் வாங்க வேண்டும். மீனிலிருந்தோ இறாலிலிருந்தோ தாங்களே பிரித்தெடுக்க யாரும் முயல வேண்டாம். நம் வெதுவெதுப்பான கடலில் புண்ணில் புகுந்து உயிருக்கே ஆபத்தாகும் விப்ரியோ வகைப் பாக்டீரியாக்களும் உண்டு. வீட்டுச் சமையலறை இதற்கான இடமே அல்ல.

பாக்டீரியா வளர்வதற்கான சத்துக்கூழில், அதாவது ஊடகத்தில்தான் முதல் தவறு நடக்கிறது. ஆய்வகத்தில் எப்போதும் இருக்கும் நியூட்ரியன்ட் அகர் என்ற பொது ஊடகத்தை ஊற்றிவிட்டு, வளரவில்லையே என்று காத்திருப்பார்கள். இது கடல் உயிரி, அதிலுள்ள உப்பு போதாது. ஒரு லிட்டர் தண்ணீருக்கு உப்பு 30 கிராம், புரதச் சத்தான பெப்டோன் 5, ஈஸ்ட் சாறு 3, கூழை உறையவைக்கும் அகர் 15, கிளிசரால் 3 மில்லி, கால்சியம் கார்பனேட் 5 கிராம். அழுத்த நீராவியால் கிருமி நீக்கும் ஆட்டோகிளேவில் 121 டிகிரியில் 15 நிமிடம். கிளிசரால் இருக்கும் இடத்தில் குளுக்கோஸ் போடக்கூடாது, அது ஒளி மரபணுக்களை அடக்கிவிடும். வளர வளர ஊடகம் புளித்தால் ஒளி மங்கும். அதைத் தடுக்கத்தான் கார்பனேட். 90 மி.மீ. பெட்ரி தட்டுக்கு (மூடியுள்ள வட்ட ஆய்வகத் தட்டு) 20 மில்லி ஊற்றி, மேற்பரப்பு நன்றாகக் காய்ந்த பிறகே எழுத வேண்டும். ஈரம் நின்றால் பாக்டீரியா அதில் நீந்திப் போய்விடும், எழுத்து கலங்கிய கோலம்போல் ஆகிவிடும்.

எழுதும்போது எதுவும் கண்ணுக்குத் தெரியாது. முதல்நாள் மாலை போட்டு வளர்த்த பாக்டீரியா நீர்மம் (கல்ச்சர்) சற்றே கலங்கலாக இருந்தாலும், அகரின்மேல் அதன் தடம் தெரியாது. எனவே எழுத்தைப் பெரிதாக அச்சடித்து, தட்டுக்கு அடியில் வைத்து, கீழிருந்து விளக்குப் போட்டு அதன்மேல் இழுக்க வேண்டும். கல்ச்சரில் தொட்டு எழுத, ஆட்டோகிளேவ் செய்த பல்குத்தும் குச்சி போதும். ஒரு கோட்டின் நடுவில் மறுபடி தொட்டு எடுக்காதீர்கள், தொட்ட இடம் திட்டாகத் தெரியும்.

இனி தமிழுக்கே உரிய சிக்கல். இருட்டில் நம் கண் வெளிச்சத்தை உணருமே தவிர, நுணுக்கத்தைப் பிரித்தறியாது. இரண்டு சுழி ன-வும் மூன்று சுழி ண-வும் ஒன்றாகத் தெரியும். மெய்யெழுத்தின் புள்ளி, கீழே உள்ள எழுத்தின் ஒளியில் கரைந்துபோகும். 'வெளிச்சம்' என்று எழுதினால் 'வெளிசசம' என்றுதான் படிப்பீர்கள். ஓலை கிழியும் என்று ஏட்டில் புள்ளி குத்தாமல் எழுதினார்களே, அந்த வாசகரின் நிலைதான் இங்கும். புள்ளியை ஒரு சென்டிமீட்டர் தள்ளி வைக்கலாம். அதைவிட நல்லது, புள்ளியே வராத சொற்களைத் தேடிக் கவிதை கட்டுவது. 'இருளே, இரு' என்று எழுதிப் பாருங்கள். ஐந்து எழுத்து, ஐந்து தட்டு, 100 மில்லி ஊடகம், ஒரு புள்ளிகூட இல்லை. தட்டு ஒன்றுக்கு ஓர் எழுத்து என்பதே சரியான அளவு. 'இ'யின் உட்சுழியில் மட்டும் கோடுகளுக்கு இடையே 5 மி.மீ. விடுங்கள். இல்லையென்றால் மறுநாள் கோடு தடித்துச் சுழியை அடைத்துவிடும்.

எழுதியதும் ஒளி வராது. இந்தப் பாக்டீரியா தனியாக இருக்கும்போது ஒளிராது. கூட்டம் சேர்ந்து, தாம் வெளிவிடும் ஒரு வேதிப்பொருள் போதிய அளவு பெருகிய பிறகுதான் ஒளி மரபணுக்கள் விழிக்கும். அவை நடக்கத் தேவையான குறைந்தபட்ச உறுப்பினர் எண்ணிக்கை (கோரம்) சேர்வதுபோல. 1970-இல் வெளிவந்த உண்மை இது. தட்டைக் கவிழ்த்து 20 முதல் 22 டிகிரியில் வைத்தால் 18 மணி நேரத்தில் எழுத்து எழும்பும், 24 மணி நேரத்தில் உச்சம். நம் ஊர் அறை வெப்பமான 32 டிகிரியில் விட்டால் பெரும்பாலும் ஏமாற்றமே. மூன்றாம் நாள் கோட்டின் நடு மங்கி ஓரங்கள் மட்டும் ஒளிரும். எழுத்து உள்ளீடற்ற இரட்டைக் கோடாகத் தெரியும் அந்த வேளையும் அழகுதான், தவற விடாதீர்கள்.

பாதுகாப்பு என்று நினைத்துத் தட்டின் ஓரத்தை இறுக ஒட்டிவிடுகிறார்கள். ஆக்சிஜன் இல்லாமல் இந்த ஒளி இல்லை. சந்தேகமிருந்தால் ஒளிரும் குடுவை ஒன்றைச் சற்று நேரம் அசையாமல் வையுங்கள். அடிப்பகுதி அணைந்து, மேலே விரல் அகல ஒளி வளையம் மட்டும் நிற்கும். ஒரு குலுக்குக் குலுக்கினால் காற்று இறங்க இறங்க வெளிச்சமும் கூடவே அடிவரை இறங்கும்.

பார்வையாளர் இருட்டறையில் 15 நிமிடம் உட்கார வேண்டும். கைப்பேசித் திரை ஒரு நொடி மின்னினாலும் மறுபடி காத்திருக்க வேண்டும். நேராக உற்றுப் பார்த்தால் எழுத்து நழுவும். இருளில் பார்க்கும் செல்கள் விழித்திரையின் நடுவில் இல்லை, அதைச் சுற்றித்தான் இருக்கின்றன. கடைக்கண்ணால் பார்க்க வேண்டும். முடிந்ததும் தட்டுகளைக் குப்பையிலோ தொட்டியிலோ கொட்டாமல் ஆட்டோகிளேவில் 30 நிமிடம் வைத்த பிறகே அப்புறப்படுத்த வேண்டும்.

கட்டுரையோடு வந்த பளிச்சென்ற நீலப்படம், கேமராவை நெடுநேரம் திறந்து வைத்து எடுத்தது. கண்ணுக்குத் தெரிவது அதைவிட எவ்வளவோ மெல்லிய, ஏறக்குறைய நிறமற்ற ஒளி. அடுத்த முறை இப்படியொரு படம் போடும்போது எத்தனை நொடியில் எடுத்தது என்பதையும் கீழே அச்சிட்டால், இருட்டறைக்கு வரும் மாணவர்கள் நாம் எங்கோ தவறு செய்துவிட்டோம் என்று எண்ணித் தட்டைத் தூக்கிப் போட மாட்டார்கள்.

நுண்ணுயிரியல் ஆய்வகப் பயிற்றுநர்கள்,
தூத்துக்குடி