தனி அடுப்பு, பக்கத்துத் தெரு

காரைக்குடி

அன்புள்ள சரசு,

உன் கடிதம் கிடைத்தது. பையன் சென்னைக்கே வந்துவிடச் சொல்கிறான், வீட்டையும் அவன் பெயருக்கு எழுதச் சொல்கிறான், என்ன செய்வது என்று கேட்டிருந்தாய். இரண்டு நாளாக எனக்கும் அதே யோசனைதான்.

2011 பிப்ரவரியில் நாம் இரண்டு பேரும் சென்சஸ் வேலைக்கு வெயிலில் அலைந்தது ஞாபகம் இருக்கிறதா? ஒரே சமையலறையில் சாப்பிடுகிறவர்கள்தான் ஒரு குடும்பம் என்று பயிற்சியில் சொல்லிக் கொடுத்தார்கள். வாசல் வாசலாக "அடுப்பு ஒன்றா, தனியா?" என்று கேட்டோம். அந்தக் கணக்கில் தமிழ்நாட்டில் 7 கோடியே 21 லட்சம் பேர், ஏறக்குறைய 1 கோடியே 85 லட்சம் குடும்பங்கள். வகுத்தால் வீட்டுக்கு நான்கு பேர்கூட வராது. நான் வளர்ந்த வீட்டில் பதினேழு பேர்.

அந்த வீடு பிள்ளைகளுக்குச் சொர்க்கம். அம்மா டைபாய்டில் படுத்த மாதத்தில்கூட எங்களுக்கு ஒரு வேளைச் சோறு தப்பவில்லை, தலை பின்னாமல் பள்ளிக்கூடம் போகவில்லை. ஆனால் அதையெல்லாம் செய்தது பெரியம்மா. விடியுமுன் அடுப்பு மூட்டுவாள். ஆண்கள், பிள்ளைகள், மற்ற பெண்கள் என்று எல்லாரும் சாப்பிட்டு எழுந்த பிறகு, அடிச்சட்டியில் மிஞ்சியதைப் பிசைந்து சாப்பிடுவாள். ஒருநாள் கிணற்றடியில் மயங்கி விழுந்தாள். டாக்டர் இமையை விலக்கிப் பார்த்து, உடம்பில் ரத்தமே இல்லை என்றார். பதினேழு பேர் இருந்தும் அவள் சாப்பிட்டாளா என்று ஒருவரும் கேட்டதில்லை. கூட்டுக் குடும்பம் போய்விட்டதே என்று யாராவது வருத்தப்பட்டால் எனக்கு அவள் முகம்தான் வருகிறது.

வீடு சிறுத்ததால் மட்டும் அது சரியாகிவிடவில்லை. 2019-21 தேசியக் குடும்ப நல ஆய்விலும் தமிழ்நாட்டில் பாதிக்கு மேற்பட்ட பெண்களுக்கு ரத்தசோகை. அடுப்பைப் பிரித்தோம், கடைசியில் சாப்பிடுகிற பழக்கத்தை விடவில்லை.

எங்கள் ஊர் நகரத்தார் செட்டியார்கள் இதற்கு அந்தக் காலத்திலேயே ஒரு வழி வைத்திருந்தார்கள். மகனுக்குக் கல்யாணமானதும் வேறு வைத்துவிடுவார்கள். அதே வளவு வீடு, அதே முற்றம், ஆனால் சமையலும் வரவு செலவும் தனி. அந்தத் தம்பதி தனிப் புள்ளி, அதாவது கணக்கில் தனிக் குடும்பம். நல்லது கெட்டதுக்கு ஒரு குரல் கொடுத்தால் ஆள் வரும். குழம்பில் உப்பு ஏன் கூடியது என்று கேட்க ஆள் இல்லை. எனக்கு அது மிகவும் புத்திசாலித்தனமான ஏற்பாடாகத் தெரிகிறது.

நானும் இப்போது கிட்டத்தட்ட அப்படித்தான் இருக்கிறேன். பெங்களூரில் மகன் வீட்டில் நான்கு மாதம் இருந்தேன். தங்கமாகத்தான் பார்த்துக்கொண்டார்கள். ஆனால் காலை எட்டு மணிக்குக் கதவு சாத்தினால் மாலைவரை பேச ஆளில்லை. திரும்பி வந்து, மகள் வீட்டுக்கு இரண்டு தெரு தள்ளி வாடகைக்கு எடுத்தேன். காலைக் காப்பி என் அடுப்பில். சாயங்காலம் பேத்தி பள்ளி விட்டு நேராக இங்கே வருவாள். அரசின் மக்களைத் தேடி மருத்துவம் திட்டத்தில் வீட்டுக்கு வருகிற பெண் பிரஷர் பார்த்து மாத்திரை கொடுத்து, ஐந்து நிமிஷம் பேசிவிட்டுத்தான் போவாள். அந்த ஐந்து நிமிஷமும் எனக்கு மருந்துதான்.

மகள் பக்கம் போய் உட்காரலாமா என்று சொந்தத்தில் முணுமுணுத்தார்கள். பூர்வீகச் சொத்தில் மகளுக்கும் சமபங்கு என்று 1989இலேயே தமிழ்நாட்டில் சட்டம் வந்துவிட்டது. இன்னும் அவள் வீட்டில் கைநனைக்க யோசிக்கிறோம். நீயும் யோசிக்காதே. புதுக்கோட்டையில் உன் மகள் இருக்கிறாள் அல்லவா?

அப்புறம், வீட்டை அவசரப்பட்டு எழுதிக் கொடுத்துவிடாதே. பையன் நல்லவன்தான், எனக்குத் தெரியாதா? இருந்தாலும் எழுதியே ஆகவேண்டும் என்றால், கடைசிவரை உன்னைப் பராமரிக்க வேண்டும் என்ற நிபந்தனை பத்திரத்திலேயே இருக்கட்டும். 2007ஆம் ஆண்டு வந்த மூத்த குடிமக்கள் சட்டத்தின் 23ஆம் பிரிவு அதை வைத்துத்தான் உதவும். நிபந்தனை இருந்து, அவர்கள் பார்க்கவில்லை என்றால், தீர்ப்பாயத்தில் பத்திரத்தையே செல்லாமல் ஆக்கச் சொல்லிக் கேட்கலாம்.

சென்னைக்கு வேண்டுமானால் ஒரு மாதம் போய் இருந்து பார். வீட்டுச் சாவியை யாரிடமும் கொடுக்காமல் போ. அதற்கு முன்னால் இங்கே வந்து பத்து நாள் இரு. பின்கட்டு அறை காலியாகத்தான் இருக்கிறது. அதில் ஒரு அடுப்பும் வைத்திருக்கிறேன்.

அன்புடன்,
காந்தி