மால்வெர்னில் ஒரு கல் இருக்கிறது

அன்புள்ள சேகர்,

உன் கடிதம் வந்து இருபது நாள் ஆகிறது. அம்மாவின் முட்டிவலியால்தான் பதில் போட முடியவில்லை, இப்போது பரவாயில்லை, கம்பு ஊன்றிக் கொல்லைவரை நடக்கிறாள். சின்னவள் காலேஜில் சேர்ந்துவிட்டாள்.

2025 செப்டம்பர் 7 கிரகணம் ஞாபகம் இருக்கிறதா? மொட்டைமாடியில் நின்று உனக்கு போன் போட்டேன். இங்கே ராத்திரி 11.30, உச்சிக்குப் பக்கத்தில் நிலா தாமிரச் சொம்பு மாதிரி சிவந்து கிடந்தது. உனக்கு பர்மிங்காமில் மாலை 7 மணி, நிலா இன்னும் எழவே இல்லை என்றாய். அந்த நாலரை மணி நேரம் என் மனதில் ஓடிக்கொண்டே இருந்தது, அதனால்தான் வால்ச்சரைப் பற்றி உனக்கு எழுதியே ஆக வேண்டும் என்று உட்கார்ந்தேன்.

வால்ச்சர் ஒரு கிறிஸ்தவத் துறவி, பிரான்ஸின் கிழக்கே இருக்கும் லொரெய்ன் பக்கத்துக்காரர், உன் ஊரிலிருந்து ரயிலில் ஒரு மணி நேரத்தில் போய்விடக்கூடிய மால்வெர்ன் மடத்தின் தலைவராக இருந்தவர். 1091 அக்டோபரில் இத்தாலியில் இருந்தபோது சந்திர கிரகணம் பார்த்தார். ஊர் திரும்பியதும் இன்னொரு துறவியிடம் நீ எத்தனை மணிக்குப் பார்த்தாய் என்று கேட்டார். அவர் சொன்ன நேரம் வேறாக இருந்தது. நீயும் நானும் போனில் பேசிக்கொண்ட அதே விஷயம்!

ஆனால் அவருக்கு அது போதவில்லை. ஈஸ்டர் நாளைக் கணிக்க மடங்கள் 19 வருடச் சுழற்சியில் ஒரு சராசரி நிலாவை வைத்திருந்தன, வானத்து நிலா அதற்குக் கட்டுப்படவில்லை. சரியான அட்டவணை போட நேரம் உறுதியாகத் தெரிந்த ஒரே ஒரு கிரகணமாவது வேண்டும். அடுத்த வருடம், 1092 அக்டோபர் 18, நிலா மறுபடி மறைந்தது. மனிதர் உடனே அஸ்ட்ரோலேபைக் கையில் எடுத்தார். பித்தளைத் தட்டு அது, வளையத்தில் விரலை மாட்டித் தொங்கவிட்டு, பின்பக்கச் சட்டத்தின் இரண்டு துளை வழியாக ஒரு நட்சத்திரத்தைப் பிடித்து உயரத்தைப் படிக்க வேண்டும், அப்புறம் முன்பக்கத்துச் சல்லடை மாதிரியான நட்சத்திரப் படத்தை அந்த உயரத்துக்குத் திருப்பினால் மணி தெரியும். மேற்கு ஐரோப்பாவில் அந்தக் கருவியை வைத்து அளந்ததாக நமக்குத் தெரிந்த மிகப் பழைய அவதானிப்புகளில் ஒன்று இது. அதை வைத்து 1036 முதல் 1111 வரை 76 வருடத்துக்கு அமாவாசை அட்டவணை போட்டார்.

ஐரோப்பாவின் இந்தக் காலத்தை இருண்ட காலம் என்று பள்ளிக்கூடத்தில் ஒரே வரியில் முடித்துவிட்டார்களே, எனக்கு அது இன்றைக்கும் வருத்தம்தான்.

இனிமேல்தான் நீ துள்ளப்போகிறாய். ஸ்பெயினிலிருந்து பெட்ரஸ் அல்ஃபோன்சி என்பவர் இங்கிலாந்து வந்தார், யூதராகப் பிறந்து கிறிஸ்தவரானவர், அரபு வானியல் தெரிந்தவர். அவரிடம் கற்றுக்கொண்டதை வால்ச்சர் 1120 வாக்கில் ஒரு நூலாக எழுதினார். தலைப்பு 'டிராகனைப் பற்றி'. நிலாவின் பாதையும் சூரியனின் பாதையும் வெட்டிக்கொள்ளும் இரண்டு புள்ளிகளைத்தான் அவர்கள் டிராகனின் தலை, டிராகனின் வால் என்றார்கள். நம் ராகு, கேதுவேதான்! அதோடு நிற்கவில்லை. பாக்தாத் வானியலாளர் அல் குவாரிஸ்மியின் அட்டவணைகளை 1126 வாக்கில் அடெலார்ட் என்ற இங்கிலாந்து அறிஞர் லத்தீனில் மொழிபெயர்த்தார், அவை 'அரின்' என்ற ஊரிலிருந்து கணக்கைத் தொடங்குகின்றன. அது உஜ்ஜயினி, சேகர். அரபியில் 'உஸைன்' என்று எழுதிய பெயரில் ஒரு புள்ளி விட்டுப்போய் 'ஸ' 'ர' ஆகிவிட்டது. ஊர் எங்கே இருக்கிறது என்றே தெரியாமல் இங்கிலாந்தில் அதை மையமாக வைத்துக் கணக்குப் போட்டிருக்கிறார்கள். இதைப் படித்த அன்றைக்கு எனக்குத் தூக்கமே வரவில்லை.

வால்ச்சர் 1135இல் இறந்தார். அவருடைய கல்லறைப் பலகை இன்னும் மால்வெர்ன் தேவாலயத்தில் இருக்கிறது, நல்ல வானியலாளர், வடிவியல் தெரிந்தவர், மணிச்சட்டக் கணக்கர் என்று லத்தீனில் பொறித்திருக்கிறது. லீவு நாளில் போய் எனக்கு ஒரு போட்டோ எடுத்து அனுப்பேன். எழுத்து தேய்ந்திருந்தால் நேராக எடுக்காதே, நாம் கோயில் கல்வெட்டுக்குச் செய்வோமே, அந்த மாதிரி பக்கவாட்டில் டார்ச் அடித்து எடு.

அன்புடன்,
பாலு