பழைய ஆலயச் சுவரில் சிமென்ட் பூசுவதற்கு முன்

தமிழ்நாட்டு லுத்தரன் சபைகளின் போதகர்களுக்கும் ஆலயக் கமிட்டியாருக்கும் ஸ்தோத்திரம்.

ஆலயத்தைப் புதுப்பிக்கப் போகிறோம் என்ற அறிவிப்பைக் கேட்டாலே இப்போதெல்லாம் எனக்குப் பயமாக இருக்கிறது. நான் ஞானஸ்நானம் பெற்ற ஆலயத்தில் நடந்ததைப் பார்த்த பிறகு வந்த பயம் இது. ஊர்ப்பெயர் வேண்டாம். பழைய சுண்ணாம்புக் காரையைக் கொத்தி எடுத்துவிட்டு சிமென்ட் பூசினார்கள். மேலே பளபளப்பான பெயிண்ட். பிரதிஷ்டைப் பண்டிகையன்று எல்லோருக்கும் சந்தோஷம், எனக்கும்தான். மூன்றாவது மழைக்காலம் போனதும் வடக்குச் சுவரில் இடுப்பு உயரத்துக்கு உப்புப் பூத்துவிட்டது. தொட்டால் விரலில் மாவாக ஒட்டியது. தட்டினால் உள்ளே பொள்ளல் சத்தம்.

காரணம் எளிது. பழைய செங்கல் சுவர் தரையின் ஈரத்தை உறிஞ்சும். சுண்ணாம்புப் பூச்சு அந்த ஈரத்தை வெளியே விட்டுக் காயவைக்கும். சிமென்ட் அடைத்துவிடும். போக வழியில்லாத தண்ணீர் கொண்டுவந்த உப்பெல்லாம் உள்ளேயே படிகமாகி, செங்கல்லைக் கொஞ்சம் கொஞ்சமாக உதிர்த்துவிடும். கடலோர ஊர்களில் இது இன்னும் வேகமாக நடக்கும்.

கடலோரம் என்றதும் தரங்கம்பாடிதான் நினைவுக்கு வருகிறது. அப்போது டேனிஷ்காரர்களின் ஊராக இருந்த அங்கே 1706 ஜூலையில் வந்து இறங்கிய ஜெர்மானிய லுத்தரன் மிஷனரி சீகன்பால்க், அடுத்த ஆண்டே ஒரு சிறிய எருசலேம் ஆலயத்தைக் கட்டினார். தமிழிலும் போர்த்துக்கீசியத்திலும் ஆராதனை நடந்தது. டேனிஷ்காரர்களுக்கு 1701இல் கட்டிய சீயோன் ஆலயம் ஏற்கனவே இருந்தது. இந்த எருசலேம் ஆலயம் நம் சனங்களுக்காக எழுந்தது. அப்புறம் 1717இல் அஸ்திவாரம் போட்டு, 1718 அக்டோபர் 11இல் பிரதிஷ்டை செய்ததுதான் இன்று நாம் பார்க்கும் புதிய எருசலேம் ஆலயம்.

அதன் முகப்பின் கீழே ஒருமுறை நின்று பாருங்கள். டென்மார்க் மன்னர் நான்காம் ஃபிரடெரிக்கின் கிரீடம் வைத்த எழுத்துச் சின்னமும் 1718 என்ற ஆண்டும் புடைத்து நிற்கும். கட்டடம் சிலுவை வடிவம். உள்ளே நுழைந்தால், சிலுவையின் எந்தக் கையில் உட்கார்ந்தாலும் கண் தானாக நடுவுக்குத்தான் போகும். வசனத்தைக் கேட்கக் கூடிவரும் சபைக்கு இதைவிடப் பொருத்தமான அமைப்பு எனக்குத் தெரிந்து இல்லை. பிரதிஷ்டை ஆகி நாலரை மாதம்கூட ஆகவில்லை, 1719 பிப்ரவரி 23இல் சீகன்பால்க் இறந்தார். வயது 36தான். அந்த ஆலயத்துக்குள்ளேயே அடக்கம் செய்தார்கள். அடுத்த ஆண்டு இறந்த அவருடைய தோழர் கிரண்ட்லரும் அங்கேயே.

போர்ட்லேண்ட் சிமென்டுக்குக் காப்புரிமை வாங்கியதே 1824இல்தான். அதற்கு நூறு ஆண்டுக்கு முந்திய இந்தச் சுவர்கள் சுண்ணாம்பை நம்பி எழுந்தவை. கடுக்காயும் வெல்லமும் ஊறிய தண்ணீரில் காரை அரைக்கத் தெரிந்த கொத்தனார்கள் இன்றும் இருக்கிறார்கள். தேடிப் பிடிக்க வேண்டும், கூலி கூடும், வேலை மெதுவாக நடக்கும். சரி, பண்டிகைக்கு முன்னால் முடியாது என்றால் அடுத்த ஆண்டுப் பண்டிகைக்கு முடியட்டும். சிமென்ட்தான் வேண்டும் என்று கமிட்டியில் பேச்சு எழுந்தால், பழைய கட்டடங்களைப் பராமரித்துப் பழகிய ஒரு பொறியாளரை அழைத்துச் சுவரைக் காட்டிவிட்டு முடிவெடுங்கள்.

தரைக்கும் இதையே கேட்கிறேன். எங்கள் ஆலயத்தில் பலிபீடத்தருகே எழுத்துத் தேய்ந்த ஒரு கல் இருந்தது. சிறுவயதில் அந்த எழுத்துகளில் விரலை ஓட்டிக்கொண்டு பிரசங்கம் முடியக் காத்திருப்பேன். இப்போது அதன்மேல் டைல்ஸ். யாருடைய கல் என்று எந்தப் பதிவேட்டிலும் இல்லை. உங்கள் ஆலயத்திலும் அப்படிக் கல் இருந்தால் மூடாதீர்கள். அதில் உள்ளதை ஒரு தாளில் எழுதிக்கொள்ளுங்கள். படிக்க முடியாத எழுத்தை அதன் வடிவத்திலேயே வரைந்து, ஒரு புகைப்படத்துடன் ஞானஸ்நானப் பதிவேடு இருக்கும் அலமாரியில் வையுங்கள்.

இப்படிக்கு,
உங்களில் ஒரு சபையார்